துத்தி பூத்த வளவு

விழா மலர்களுக்குக் கட்டுரை வரையப் புகும் பழைய மாணவர் பெரும்பாலும் தாம் கண்ட அதிபரின் பெருமையையோ, தாம் ஆடிய துடுப்பாட்டத்தின் பெருமையையோ, விடுதியிற் பரிமாறிய சாம்பாரின் சிறுமையையோ எடுத்துக்கொள்வது வழக்கம். இவற்றை என்னிலும் நன்கறிந்தோர் இம்மலரிலே எழுதுவர் என்னும் துணிவினால், நான் ஒரு செடியைப் பற்றி எழுத முற்படுகின்றேன். அச்செடியை எமது கல்லூரியில் எவரும் நட்டதில்லை. அதற்கு நீர் வார்த்ததும் இல்லை. பின்வேலியின் ஓரத்திலே, விடுதிச் சமையலறைச் சாம்பலைக் கொட்டும் மேட்டிலே, அது தானே முளைத்துத் தானே பூத்து நின்றது. துத்தி என்பது அதன் பெயர்.

பெயரை அறியாதாரும் செடியை அறிவர். பூண்டுக்கும் மரத்துக்கும் இடைப்பட்ட செடிவகை. ஓராள் உயரம் வரை வளரும். இலை நெஞ்சுருவானது, நீண்ட காம்புடையது, விளிம்பு பற்கள் போல வெட்டுண்டது. தொட்டுப் பார்த்தால் பட்டுத்துணியின் மென்மை. அம்மென்மைக்குக் காரணமான மயிர்களை உருப்பெருக்கியாற் பார்ப்பின், ஒவ்வொன்றும் விண்மீன் போலக் கிளைத்திருத்தலைக் காணலாம். மலர் மஞ்சள், இதழ் ஐந்து, அகலம் பழைய ஒரு ரூபாய் நாணயத்தளவு. காய்தான் விசித்திரமானது. 15 முதல் 20 வரையான அறைகள் வண்டிச் சில்லின் ஆரக்கால்கள் போல வட்டமாக நெருங்கி நிற்கும். முற்றியபின் கருகி, அறை அறையாகப் பிரிந்து உதிரும். வட அமெரிக்காவிலே பரவியுள்ள இதன் இனச்செடி ஒன்றுக்கு 'வெண்ணெய் முத்திரை' என்றே ஒரு பெயருண்டு. எமக்கு வெண்ணெய்க்கு வழியில்லை, மைக்கூடு இருந்தது. பச்சைக்காயை மையிலே தோய்த்துக் கொப்பியிற் குத்துவோம். கணக்குக் கொப்பியில் இம்முத்திரையை ஆசிரியரின் அடையாளத்துக்கு அருகே இட்டு, அதற்கு ஒரு கம்பீரம் உண்டாக்கிய நண்பரொருவர், பின்னாளிற் பேர்பெற்ற நொத்தாரிசாக விளங்கினார்.

எமக்குத் தாவரவியல் கற்பித்த ஆசிரியர் பூவின் உறுப்புக்களைக் காட்டுதற்குச் செம்பரத்தையைக் கொய்வதில்லை. "செம்பரத்தை வீட்டுப்பிள்ளை, வளர்ப்பவர் விரும்பியபடி இதழ் அடுக்கடுக்காகிவிடும். துத்தியிடம் பொய் இல்லை" என்பார். ஆயின் துத்திப் பாடம் பிற்பகற் கடைசிப் பாடவேளையிலேயே நடக்கும். அம்மலர் காலையில் விரிவதன்று. வெயில் சாயத் தொடங்கியபின், மூன்று மணியளவிலே விரிவது. "பூவுக்கு நேரசூசி வேறு" என்று சொல்லி எங்களை வேலியோரத்துக்கு அழைத்துச் செல்வார். கேசரங்கள் யாவும் அடியிலே ஒன்றாய்க் கூடிக் குழாயாகி, அக்குழாயின் நடுவே தம்பங்கள் மேலெழுந்து வருதலைச் சவர அலகால் நெடுக்கே பிளந்து காட்டுவார். செம்பரத்தைக்குப் புல்லிவட்டத்தின் வெளியே இன்னுமொரு சிறிய பச்சை வட்டம் உண்டு. துத்திக்கு அஃது இல்லை. இந்த ஒரு வேறுபாட்டைக் கண்டு சொன்ன மாணவனுக்கு அன்று வீட்டுவேலை இல்லை என்பது அவர் வகுத்த சட்டம்.

அவ்வேலியடியிலேதான் பருத்தியும், வெண்டியும், செம்பரத்தையும், துத்தியும் ஒரே குடும்பத்தன என்பதை அறிந்தோம். இவற்றொடு வேலியில் நின்ற பூவரசும் அக்குடும்பமே என்று அவர் கூறியபொழுது வகுப்பு நம்ப மறுத்தது. ஆட்டுக்குக் குழை ஒடிக்கும் மரம் எங்கே, சாம்பல் மேட்டுச் செடி எங்கே? அவர் ஒன்றும் பேசாமற் பூவரசம்பூ ஒன்றைப் பறித்துப் பிளந்தார். உள்ளே அதே கேசரக்குழாய். பூவரசும் துத்தியும் உறவு என்னும் அச்செய்தி எனக்கு வேறு வகையிற் பயன்பட அரை நூற்றாண்டு சென்றது. அதனைப் பின்னர்க் கூறுவேன்.

பெயர்களைப் பற்றி ஒரு சொல். இலின்னேயசு 1756இல் இச்செடிக்குச் சீடா இந்திக்கா என்று பெயரிட்டார். 1826இல் றொபேட் சுவீற் என்னும் ஆங்கிலத் தாவரவியலார் இதனை அபுத்திலன் என்னும் சாதிக்கு மாற்றினார். இன்றும் அதுவே வழங்குகின்றது. அபுத்திலன் என்பது அரபு மொழிவழி வந்த சொல். வடமொழியார் அதிபலா என்பர். சிங்கள மக்கள் அனோதா என்பர். இந்தி பேசுவோர் காயின் பற்களைக் கண்டு கங்கி, அஃதாவது சீப்பு, என்பர். தமிழிலே துத்தி என்னும் சொல்லுக்கு இச்செடியன்றி வேறு பொருளும் உண்டு. நாகத்தின் படத்திலுள்ள புள்ளிக்கும், மேனியிற் படரும் தேமலுக்கும் துத்தி என்றே பெயர். செடியிலிருந்து புள்ளிக்குப் பெயர் சென்றதா, புள்ளியிலிருந்து செடிக்கு வந்ததா என்பதைப் பண்டிதர்களிடமே விட்டுவிடுகின்றேன்.

எம் ஊரிலே துத்திக்கு இருந்த மதிப்பு பெரிதும் வைத்தியத்தால் வந்தது. மூலநோய்க்குத் துத்தியிலையை ஆமணக்கெண்ணெயில் வதக்கிக் கட்டுதல் சித்தவைத்தியத்தில் நெடுங்கால வழக்கு. இலையைப் பருப்போடு கடைந்து உண்பாரும் உளர். நோயின் பெயரைச் சபையிலே சொல்லக் கூசும் கனவான்கள், அந்தி வேளையில் ஒழுங்கை ஓரமாகக் குனிந்து குனிந்து நடப்பர். அவர்களுக்கு என்ன நோய் என்பது மறுநாட் காலையில் ஊர் முழுவதும் தெரிந்துவிடும். கோயிற் பூசைக்கு இப்பூவைக் கொய்வாரை நான் கண்டதில்லை. வீட்டு முற்றத்திலே வைத்து வளர்ப்பாரையும் கண்டதில்லை.

இனி, துத்தி எங்கே வளர்கின்றது என்பதே நான் சொல்ல வந்த காரியம். காட்டுச்செடி என்று இதனைச் சொல்லுகின்றோம். ஆயின் அடர்ந்த காட்டினுள் இதனைத் தேடிச் சென்றால் ஏமாறுவோம். நிழல் இதற்கு ஆகாது. மனிதன் மண்ணைக் கிளறிப்போட்ட இடமே இதற்கு உகந்த இடம். ஒழுங்கையோரம், தெருக்கரை, இடிந்த மதிலடி, குப்பைமேடு, உழுது பயிரிடாது விட்ட தோட்டம், கல் அகழ்ந்த குழியின் விளிம்பு ஆகியன இதன் ஊர்கள். யாழ்ப்பாணக் குடாநாடு சுண்ணக்கல்லின் மேல் அமைந்தது. பல இடங்களில் மண் ஒரு முழ ஆழமும் இராது. மழையோ ஐப்பசி தொடங்கி மார்கழி வரை கொட்டித் தீர்த்துவிட்டுப் பின் மாதக்கணக்கிற் காணாமற்போவது. இத்தகைய நிலத்திலே, சோளகம் புழுதி வாரி வீசும் காலத்திலும் துத்தி பச்சையாக நிற்கும். காங்கேசன்துறையிலே சீமெந்துக்காகத் தோண்டிய குழிகளின் கரையிலும், 1990இல் ஓட்டம் நின்று 2014 வரை யாழ்ப்பாண நகரம் புகைவண்டியின் ஒலி கேளாதிருந்த காலத்திலே பழைய இருப்புப்பாதையின் மேட்டிலும், நான் இதனை நிறையக் கண்டேன்.

மனிதன் கிளறிய மண் என்றேன். அவன் கிளறிவிட்டு அங்கேயே இருந்தாற் செத்தையோடு செத்தையாகத் துத்தியையும் பிடுங்கி எறிவான். கிளறிவிட்டு நெடுங்காலம் வாராதிருந்தால், நாயுண்ணியும் வேம்பும் இலந்தையும் வந்து நிழல் செய்து துத்தியை ஒடுக்கிவிடும். ஆகவே, மனிதன் போனபின்னும் காடு வருமுன்னும் உள்ள இடைக்காலமே துத்தியின் காலம். அவ்விடைக்காலம் முடிந்தால் என் செய்வது? அதற்கு வித்து இருக்கின்றது. இக்குடும்பத்துச் செடிகள் பலவற்றின் வித்துறை நீரை உட்புகவிடாத கடினம் உடையது. மழை பெய்த மாத்திரத்தில் எல்லா வித்தும் முளைப்பதில்லை. சிறிது முளைக்கும், ஏனையவை மண்ணுள் உறங்கும். வெயிலும் ஈரமும் மாறி மாறித் தாக்கி, உறையிலே ஒரு சிறு வழி திறக்கும் நாள் வரை உறக்கம் கலையாது. முன்னர்க் கூறிய வெண்ணெய் முத்திரைச் செடியின் வித்து மண்ணிலே 50 ஆண்டு வரை உயிரோடு கிடக்கும் என்பது விஞ்ஞானிகள் கண்ட உண்மை. எமது துத்தியும் அவ்வினமே.

எம் குடும்ப வளவு வலிகாமம் வடக்கில் உள்ளது. 1990இலே போர் காரணமாக அப்பகுதி மக்கள் யாவரும் உடுத்த உடையோடு வெளியேறினர். யாமும் வெளியேறினோம். சாவியைக் கூரைத்தீராந்தியின் இடுக்கிலே வைத்துவிட்டு, ஒரு கிழமையில் வந்துவிடலாம் என்று என் தமக்கையார் சொன்னது நினைவிருக்கின்றது. 2015இலும் அதன் பின்னரும் நிலங்கள் பகுதி பகுதியாக விடப்பட்டன. இன்னும் தம் காணியைக் காணாதோரும் உளர். எமது முறை 2017ஆம் ஆண்டு ஆவணியில் வந்தது. அப்பொழுது தமக்கையாருக்கு வயது 80ஐ நெருங்கியிருந்தது. வரவேண்டாம் என்று எவ்வளவோ தடுத்தும் கேளாது என்னுடன் வந்தார்.

ஒழுங்கை இருந்த இடத்தில் ஒழுங்கை இல்லை. எல்லைக்கல் இல்லை. எமது உறுதியும் அயலவரின் உறுதியும் இடப்பெயர்வின்போது அழிந்தன. யாழ்ப்பாணத்து வேலிச் சண்டையின் வரலாற்றை அறிந்தோர்க்கு இஃது எத்தகைய நிலைமை என்பதை விளக்க வேண்டுவதில்லை. கதியாலை இரவோடிரவாக ஒரு சாண் தள்ளி நட்டதற்காக மூன்று தலைமுறை பேசாதிருந்த குடும்பங்கள் எம் ஊரில் உண்டு. அயலவரும் நானும் மரியாதையாகவே பேசிக்கொண்டோம். ஆயினும் இருவர் மனத்திலும் ஓரச்சம் இருந்தது. அப்பொழுதுதான் பற்றைகளுக்கு மேலே, வடக்குத் தெற்காக, ஒரே நேர்வரிசையிலே பூவரச மரங்கள் நிற்பதைக் கண்டேன். 27 ஆண்டுக்கு முன் வேலிக்கு இட்ட பூவரசங்கதியால்கள் வெட்டுவாரின்றி மரமாகி நின்றன. கிடுகும் கம்பியும் போயின, வரிசை போகவில்லை. அயலவர் அதனைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "ஐயா, உதுதானே எங்கடை வேலி" என்றார். நிலஅளவையாளர் வரும்வரை எமக்கு வேறு சாட்சி வேண்டியிருக்கவில்லை.

எல்லை கிடைத்தது, வீடு கிடைக்கவில்லை. ஓடும், மரமும், கதவும், நிலையும் என்றோ போய்விட்டன. சுவர் இடிந்து கற்குவியலாகி, குவியலின் மேல் நாயுண்ணி படர்ந்து, எது கூடம் எது முற்றம் என்று தெரியாதபடி எங்கும் ஒரே பற்றையாக இருந்தது. பிற்பகலாயிற்று. தமக்கையார் களைத்துப்போய் ஒரு கல்லின்மேல் இருந்தார். அங்கிருந்தபடியே, "தம்பி, அங்கை மஞ்சளாய்க் கிடக்கிறது என்ன?" என்று கேட்டார். பற்றையின் நடுவே ஓரிடம் மட்டும் தாழ்ந்து, நீள்சதுரமாகத் துத்தி நெருங்கிப் பூத்திருந்தது. கத்தியால் வழி வெட்டிக்கொண்டு சென்று காலாற் கிளறினேன். ஒரு சாண் கூட இல்லாத மண். அதன்கீழே சீமெந்துத் தரை. பெருமரங்கள் வேரோட இடமில்லாமையால் அத்தரையின்மேற் காடு ஏறவில்லை. தரை வெடிப்புகளிலும், சுவரிலிருந்து உதிர்ந்த சுண்ணாம்புப் பொடியிலும் துத்திக்குப் போதிய இடம் இருந்தது. துத்தி நின்ற எல்லையே எமது வீட்டின் எல்லை. தமக்கையார் எழுந்து வந்தார். கைத்தடியால் ஒவ்வொன்றாகக் காட்டத் தொடங்கினார்: விறாந்தை, கூடம், அப்பு படுத்த அறை. தென்கிழக்கு மூலையில் மட்டும் செடி ஏனையவற்றிலும் ஓரடி உயர்ந்து, இலை அகன்று செழித்திருந்தது. "தம்பி, உதிலைதான் குசினி" என்றார். சாம்பல் மண்ணைத் துத்தி விரும்பும் என்பதைக் கல்லூரிப் பின்வேலியிலே நான் கற்றிருந்தேன். அவர் அதனைக் கற்றவரல்லர். அவருக்குத் தம் அடுப்பு இருந்த இடம் தெரிந்திருந்தது, அவ்வளவே.

சாவி வைத்த தீராந்தி இல்லை. ஆயினும் அவர் சாவியைப் பற்றி ஒரு தரம் விசாரித்தார்.

காணியை வெளியாக்குதற்குப் பெக்கோ இயந்திரம் கொண்டுவந்த பிள்ளை, பற்றை முழுவதையும் இரண்டு நாளில் வழித்துவிட்டான். தரையருகே வந்தபொழுது, "ஐயா, உந்தப் பத்தையையும் தள்ளி விடட்டோ?" என்று கேட்டான். மேசன் வரும்வரை விட்டுவை என்றேன். ஐப்பசி மழை தொடங்கியது. ஒரு மாதத்துக்குள், இயந்திரம் கிளறிய நிலமெங்கும், பல்லாண்டுகளாகத் துத்தியே இல்லாத வளவின் நடுவிலும், நாயுண்ணி நின்ற இடத்திலும், கிணற்றடியிலும் துத்தி நாற்றுப்போல முளைத்தது. இயந்திரச் சில்லோடு ஒட்டி வந்த வித்தும் சில இருத்தல் கூடும். ஆயினும் அவ்வளவு நெருக்கத்துக்கு அது போதாது. யாம் வெளியேறிய பின்வந்த முதலாண்டுகளிலே, காடு மூடுமுன், அங்கே துத்தி பூத்துக் காய்த்து வித்தை உதிர்த்திருத்தல் வேண்டும். அவ்வித்தே கீழே கிடந்து வெளிச்சம் வந்ததும் எழுந்தது என்று நான் கொள்கின்றேன்.

அதே மழையில் வேறொன்றும் முளைத்தது. பாதீனியம் என்னும் அச்செடியை இன்றைய மாணவர் துத்தியிலும் நன்கறிவர். அமெரிக்க வெப்பநாடுகளுக்குரிய அது, 1990களின் இறுதியில் வவுனியாப் பக்கத்திற் காணப்பட்டுப் பின் குடாநாடெங்கும் பரந்தது. துத்தி விரும்பும் இடமெல்லாம் அதுவும் விரும்பும். துத்தி ஒன்று பூப்பதற்குள் அது பூத்து ஆயிரக்கணக்கான வித்தை உதிர்த்துவிடும். தொட்டாற் சிலர்க்குத் தோல் தடித்துச் சொறியும். அதனைப் பூக்குமுன் வேரோடு பிடுங்குதலே முறை. கையுறை அணிதல் நன்று. ஆயின் எம்மவர் செய்வது என்ன? தெருவோரத்திலுள்ள பச்சை அனைத்தின் மீதும் மருந்தை அடித்துவிடுகின்றனர். பாதீனியம் அடுத்த மழைக்குத் திரும்பி வருகின்றது. துத்தி வருவது குறைகின்றது. தோட்டக்காரர் துத்தியை வெறுப்பதற்கு வேறொரு நியாயமும் உண்டென்பதை மறைத்தல் தகாது: பருத்தியையும் வெண்டியையும் தாக்கும் செந்நிற நாவாய்ப்பூச்சி துத்திக்காயிலும் குடியிருக்கும். வெண்டித் தோட்டத்தின் வரம்பிலே துத்தியை வளர்க்கும்படி நான் எவர்க்கும் சொல்லேன்.

கனடாவில் வாழும் என் மகன் தொலைபேசியில் வேறொரு யோசனை கூறினான். "அப்பா, வளவு முழுக்கச் சீமெந்துக்கல்லுப் பதிச்சுவிடுங்கோ. பத்தை இல்லை, பாம்பு இல்லை, கூட்டுற வேலை இல்லை." புதிதாகக் கட்டப்படும் வீடுகள் பல அவ்வாறே இருக்கின்றன, பார்வைக்குச் சுத்தமே. என் மறுப்புத் துத்திக்காக மட்டும் எழுந்ததன்று. குடாநாட்டிற் பெரிய ஆறு இல்லை. மாரிமழை மண்ணினூடாகச் சுண்ணக்கல்லில் இறங்கித் தங்குவதே எமது கிணற்று நீர். முற்றத்துக்குக் கல் பதித்தால் அம்மழை தெருவுக்கு ஓடி, வாய்க்காலுக்கு ஓடி, கடலுக்குப் போகும். இதனைச் சொன்னேன். "அப்ப பாம்பு?" என்றான். துத்தி என்பதற்குப் பாம்பின் படப்புள்ளி என்றும் பொருளுண்டு என்று சொன்னேன். அவன் அதனை ஒரு விடையாக ஏற்கவில்லை. ஈற்றில் வாயிலிலிருந்து விறாந்தை வரை ஒரு நடைபாதைக்குக் கல் பதித்தோம். மீதி மண்ணாகவே இருக்கின்றது.

வீடு 2019இல் முடிந்தது. தமக்கையார் அதில் ஓராண்டு வாழ்ந்தார். பழைய தரையிற் பெரும்பகுதி புதிய அத்திவாரத்துக்குள் அடங்கிவிட்டது. பூவரச வரிசையை வெட்டி மதில் எழுப்புவோம் என்று அயலவர் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. ஆண்டுதோறும் இருவரும் குழை வெட்டுகின்றோம்; அவருடைய ஆடுகள் உண்கின்றன. தென்கிழக்கு மூலையிலே பழைய குசினித் தரையில் ஏறத்தாழக் காற்பரப்பு நிலம் கட்டடத்துக்கு வெளியே அகப்பட்டது. அங்கே பாதீனியத்தை மட்டும் நான் கையாற் பிடுங்குவேன், துத்தியைத் தொடுவதில்லை. அவ்விடம் ஓர் ஓலைத்தட்டியளவும் நிழலின்றி இருப்பதால் அது நன்றாகப் பூக்கின்றது.

உயிரியல் பயிலும் மாணவர் எவரேனும் இதனைப் பார்க்க விரும்பினால், மலர்க்குழுவினரிடம் கேட்டு எம் வளவுக்கு வரலாம். உருப்பெருக்கி ஒன்றும் சவர அலகு ஒன்றும் கொண்டுவருக. பூவின் அடியிற் கருஞ்சிவப்பு இருந்தால் அது வேறோர் இனத் துத்தி. அதுவும் இரண்டு செடி நிற்கின்றது. காலையில் வருவோர் மொட்டையே காண்பர். மூன்று மணிக்குப் பின் வருதல் நன்று.